நாழி மண்டபத்தில் பதினாறு நிமிடம்

உலகத்தில் காலம் கைகட்டி நிற்கும் இடம் ஒன்றே ஒன்றுதான். அது காஞ்சி மாநகரில் உள்ளது. அரசர்களும் முனிவர்களும் அதன் வாசலில் நடுங்கி நின்றார்கள். நாழி மண்டபத்தின் முன்னால் நட்டிருக்கும் கருங்கல் பலகை இப்படித்தான் சொல்கிறது. பலகை வைத்து ஆறு வருஷம் ஆகிறது. அதில் காலம் என்ற சொல் ஓர் அங்குல உயரம். பலகையை வைத்த நாழி மண்டபப் பாதுகாப்புப் பேரவைத் தலைவர் திருஞானசம்பந்தத்தின் பெயர் மூன்று அங்குலம். முனிவர்கள் நின்றதாகச் சொல்லும் இடத்தில் இப்போது யாரோ எருமை கட்டுகிறார்கள்.

பலகை எப்படியோ போகட்டும், மண்டபம் பொய்யில்லை. பிள்ளையார்பாளையத்தைத் தாண்டி, தண்ணீர் பார்த்து வெகுகாலமான ஒரு குளத்தின் நடுவே, ஜன்னல் இல்லாத கல் கூடம் அது. வெளியே ஒரு நிமிடம் போனால் உள்ளே ஒரு நாள் போய்விடும். உள்ளே கடிகாரம் ஓடாது. வெளிச்சம் எப்போதும் சாயங்காலம் ஐந்து மணி மாதிரியே இருக்கும். கேட்பதற்குச் சாதுவாகத்தான் தோன்றும். ஆடு மேய்ப்பவள் ஒருத்தி மழைக்குத் தன் ஆட்டை உள்ளே கட்டிவிட்டு டீக்கடையில் ஒதுங்கினாள். மழை ஒரு மணி நேரம் பெய்தது. அவள் திரும்பி வந்தபோது கயிற்றில் எலும்புக்கூடு இருந்தது.

இரும்புக் கதவு வந்தது அதற்குப் பிறகுதான். போட்டவர் பூட்டு வேலை செய்யும் அப்துல் சத்தார். நிலையைப் பொருத்துவதற்காக வலது கையை உள்ளே நீட்டி நீட்டிப் பதினைந்து நாள் வேலை செய்தார். இப்போது அவருடைய இடது கைக்கு ஐம்பது வயது, வலது கைக்கு எழுபது. "அந்தக் கை மட்டும் எப்பவும் பசியாவே இருக்குது" என்பார், யாராவது கேட்டால். கேட்காவிட்டாலும் சொல்வார். கதவு திறந்து கிடந்தால் காலம் வெளியே கசியும் என்பதால், விட்டால் தானே சாத்திப் பூட்டிக்கொள்ளும்படி அதைச் செய்திருந்தார். திறப்பதென்றால் வெளியிலிருந்துதான், சாவி போட்டுத்தான். சாவி ஒன்றே ஒன்று. இன்னொன்று செய்யக் கூடாது என்பது தலைவரின் உத்தரவு. இரண்டு பேரிடம் இருக்கும் சாவிக்கு மரியாதை இருக்காதாம்.

இந்த ஆடி மாதம் தலைவருக்கு ஒரு யோசனை உதித்தது. பதினாறு நாள் நெய்ய வேண்டிய பட்டுச் சேலையைப் பதினாறே நிமிடத்தில் நெய்து படவேட்டம்மனுக்குச் சாத்துவது. காஞ்சியின் கைத்தறி காலத்தையே வென்றது என்று உலகம் பேசும். நெய்யப்போகிறவனுக்கு அது பதினாறு நாள்தான், பதினாறு நாள் தனியாக ஒரு கல் கூடத்துக்குள் கிடக்க வேண்டும் என்பதெல்லாம் அழைப்பிதழில் இடம் பிடிக்கவில்லை. அழைப்பிதழில் தலைவரின் படம் இரண்டு இருந்தது.

நெய்ய ஒப்புக்கொண்டவன் சிவராஜ். நாற்பத்திரண்டு வயது, நல்ல நெசவு, யாராவது "உன்னால முடியாது" என்றால் உடனே செய்துகாட்டும் புத்தி. அன்று காலை அவனுடைய மனைவி தேவகி அரிசி, பருப்பு, ஊறுகாய், சின்ன கேஸ் அடுப்பு எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டே கேட்டாள்:

"பதினாறு நாளு என் மூஞ்சிய பாக்க வேணாம்னுதான போற?"

"உனக்குப் பதினாறு நிமிஷம்தானே. ஒரு சீரியலுக்கு நடுவுல விளம்பரம் போடுற நேரம்."

"வர்றப்ப தாடியோட வருவ."

"தாடி வெச்சா நல்லா இருக்குறேன்னு நீதான சொன்ன."

"அது கல்யாணத்துக்கு முன்னாடி."

சாப்பாட்டுக்குக் கொஞ்சம் கூடவே வைத்தாள். தண்ணீர் நாலு கேன். ஒரு கேன் ஐந்து நாளைக்கு என்று கணக்கு. நாலையும் தானே நிரப்பி, மாறிவிடக் கூடாது என்று மூடிகளில் மஞ்சள் தடவினாள். குளத்தங்கரையிலிருந்து மண்டபம் வரை தூக்கிப்போனவர்கள் பேரவைத் தொண்டர்கள். மார்பில் ரோஜா குத்தியிருந்ததால் அவர்களை யாரும் சந்தேகப்படவில்லை.

காலை பத்து மணிக்குக் கொஞ்சம் முன்னால், பாவு நூல் ஏற்றிய தறியை நாலு பேர் தூக்கிக்கொண்டு உள்ளே போய், ஐந்தாறு விநாடிகளில் வெளியே வந்தார்கள். உள்ளே இரண்டு மணி நேரம் தறியை நிறுத்திப் பூட்டிய களைப்பு முகத்தில் இருந்தது. ஒருவன் பசிக்கிறது என்றான். சிவராஜ் வாசலில் நின்று திரும்பிப் பார்த்தான். தேவகியைத்தான் தேடினான்; ஆனால் நடுவில் புகைப்படக்காரர் வந்துவிட்டார். கதவு சாத்திக்கொண்டது.

மேடையில் வைத்திருந்த பெரிய மின்கடிகாரம் சிவப்பு எழுத்தில் ஓட ஆரம்பித்தது. பூஜ்ஜியம் நிமிடம், ஒரு விநாடி.

தொகுப்பாளர் தினேஷ் மைக்கில், "இதோ, நாம் மூச்சு விடும் நேரத்தில் உள்ளே ஒரு மணி நேரம் பறக்கிறது" என்றார். பிறகு மேடையில் இருந்த பதினோரு பேரையும் பெயர் சொல்லி வரவேற்றார். அதற்குள் சிவராஜுக்கு மூன்றரை நாள் ஆகியிருந்தது. பதினோரு பேருக்கும் துண்டு போர்த்தி முடித்தபோது ஏழாவது நாள். தலைவர் எழுந்து, தொண்டையைச் செருமி, "நானும் ஒரு தறிக்காரன் பெற்ற பிள்ளை" என்று தொடங்கினார். அந்த ஒரு வாக்கியத்தைத் தக்க இடைவெளிகளோடு முடிக்க அவருக்குப் பத்து விநாடி பிடித்தது. உள்ளே நாலு மணி நேரம்.

தேவகி கடைசி வரிசையில் உட்கார்ந்து கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்பதாவது நிமிடம் முடிந்து பத்து ஓடத் தொடங்கியபோது அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பக்கத்தில் சத்தார் இருந்தார். அவருக்கும் துண்டு போர்த்துவதாகச் சொல்லியிருந்தார்கள், பட்டியலில் பத்தொன்பதாவது.

"பாய், அமாவாசைக்கு இன்னும் எத்தினி நாளு?"

சத்தார் விரல் மடக்கினார். "ஒம்போது நாள் இருக்குதும்மா. ஏன்?"

"அப்போ உள்ள இன்னிக்கு அமாவாசை."

சத்தாருக்குப் புரியக் கொஞ்சம் நேரம் ஆனது. அமாவாசையன்று தறியில் யாரும் உட்கார மாட்டார்கள். வெள்ளம் வந்தாலும், கல்யாண வீட்டார் வாசலில் வந்து உட்கார்ந்தாலும், அன்றைக்குத் தறி ஓடாது. இந்தத் தெருக்களில் 'பதினாறு நாள் சேலை' என்று யாராவது சொன்னால் அது பதினாறு தறி நாள். நடுவில் அமாவாசை வந்தால் அதைத் தள்ளித்தான் எண்ண வேண்டும். சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த கணக்கு. தலைவர் தறியை விட்டு எழுந்து முப்பது வருஷம் ஆகியிருந்தது. அழைப்பிதழ் அடித்தவர்கள் யாரும் அதை அவரிடம் சொல்லவில்லை.

"உள்ளதான் நெலாவே கெடையாதேம்மா. அவரு போய் அமாவாசை பாப்பாரா?"

"பாய், அவரு விரல் மடக்கியே எண்ணிக்கினு இருப்பாரு. பத்தாம் நாள்னா தறியில கை வைக்க மாட்டாரு. ஆடி அமாவாசை வேற. எள்ளும் தண்ணியும் எறைப்பாரு. அவங்க அப்பாவோட நிறுத்த மாட்டாரு, மூணு தலைமொறைக்கும் எறைப்பாரு."

ஒரு நாள் கூடினால் என்ன, சாப்பாடும் தண்ணீரும் இருக்கிறதே என்று அவள் தன்னைத் தானே சமாதானம் செய்துகொண்டிருந்தபோதுதான் கதவுக்கு அடியில் அது தெரிந்தது. கதவுக்கும் வாசற்படிக்கும் நடுவே ஒரு விரல் இடைவெளி உண்டு. அதன் வழியாக ஓர் அட்டை வெளியே வந்து கிடந்தது. வரும்போது யாரும் பார்க்கவில்லை. ஒரு நொடி முன்னால் அங்கே ஒன்றுமில்லை, இப்போது இருந்தது. சேலையில் பூ விழுவதற்காகத் தறியில் மாட்டும், ஓட்டை ஓட்டையாகப் போட்ட டிசைன் அட்டை.

தொண்டர் ஒருவர் அதை எடுத்துக்கொண்டு மேடைக்கு ஓடினார். தலைவர் அதை இரண்டு கைகளாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"அன்பர்களே, காலத்தின் கருவறையிலிருந்து நமக்கு வந்திருக்கும் முதல் மடல் இது. இதைச் சட்டம் போட்டுப் பேரவை அலுவலகத்தில் மாட்டுவோம்."

கைதட்டினார்கள். தேவகி எழுந்து மேடையை நோக்கி நடந்தாள். நடக்க நடக்கக் கடிகாரம் பதினொன்றைத் தொட்டது.

"தலைவரே, அதுல இன்னா எழுதியிருக்குதுன்னு படிங்க."

"படிப்போம்மா. தலைமை விருந்தினர் வந்துக்கினே இருக்காரு. அவரு வாயால படிக்கறதுதான் மொற."

"அவரு எப்ப வர்றது?"

"நீ போய் உக்காரும்மா. குடும்பத்துக்காரங்கள அப்புறம் கூப்புடுவோம்."

அவள் அவர் கையிலிருந்து அதைப் பிடுங்கினாள். அட்டையின் பின்பக்கம் குங்குமத்தை ஊறுகாய் எண்ணெயில் குழைத்து விரலால் எழுதியிருந்தது. மைக் பக்கத்தில் இருந்ததால் அவள் படித்தது எல்லோருக்கும் கேட்டது.

"தண்ணி தீந்துபோச்சி. ரெண்டு கேன் காலி கேன்."

தேவகி குனிந்து மேடை மேசைக்கு அடியில் பார்த்தாள். வெள்ளை விரிப்புக்குப் பின்னால், மஞ்சள் தடவிய மூடியோடு இரண்டு கேன்கள். ஒன்று பாதி தீர்ந்திருந்தது. பதினோரு பேருக்கும் முன்னால் வைத்த கண்ணாடி டம்ளர்களில் இருந்தது அந்தப் பாதி. தொண்டர்கள் நிறைந்த இரண்டை மேடைக்கும் காலியான இரண்டை மண்டபத்துக்கும் கொண்டுபோயிருந்தார்கள். மூடி போட்டு இருட்டு மூலையில் நிறுத்தினால் காலி கேனும் நிறைந்த கேன் மாதிரிதான் கம்பீரமாக நிற்கும்.

"கதவத் தொறங்க."

தலைவர் கடிகாரத்தைப் பார்த்தார். "பதினாறுக்குத்தான்மா நேரம் குறிச்சிருக்குது. இன்னும் நாலு நிமிஷம்தானே."

"நாலு நாளு. நாலு நாளு தண்ணியில்லாம நீங்க இருப்பீங்களா? சாவியக் குடுங்க."

தலைவர் பக்கத்திலிருந்தவரைப் பார்த்தார். அவர் தொகுப்பாளரைப் பார்த்தார். தொகுப்பாளர் தினேஷ், மைக்கை அணைக்க மறந்து, "சாவி இங்க இல்லக்கா" என்றார்.

சாவி வெல்வெட் பெட்டியில் இருந்தது. பெட்டி காரில் இருந்தது. தலைமை விருந்தினரை எதிர்கொண்டு, வழியிலேயே சாவியை அவர் கையில் மரியாதையோடு ஒப்படைத்து அழைத்து வரும் குழு, காலை ஒன்பதரைக்கே கதவைத் திறந்து அடை கொடுத்துவிட்டு, அதை எடுத்துக்கொண்டு போயிருந்தது. போன் போட்டார்கள். ஸ்பீக்கரில் பதில் வந்தது: "வாலாஜாபாத் ரயில்வே கேட்டாண்ட நிக்கிறோம் தலைவரே. கூட்ஸ் வண்டி போய்க்கினு இருக்குது. நீளமான வண்டி."

அந்தப் போன் பேசி முடிய முக்கால் நிமிடம் ஆனது. தேவகி அதை நாளாக மாற்றிப் பார்க்கவில்லை. உடம்பு தானாகவே மாற்றிக்கொண்டிருந்தது. காலையில் எழுந்தவன், மத்தியானம், நாக்கு மேலண்ணத்தில் ஒட்டும் சாயங்காலம். அங்கே எல்லாமே சாயங்காலம்.

"சத்தார் பாய்."

சத்தார் முன்பே எழுந்து, வண்டிப் பெட்டியிலிருந்து கருவிப் பையை எடுத்துக்கொண்டு வந்துகொண்டிருந்தார். பூட்டின் முன்னால் மண்டியிட்டார். மேல் தகட்டைத் தட்டிப் பார்த்தார்.

"எவ்ளோ நேரம் பாய்?"

"பத்து நிமிஷமாவது ஆவும்."

"பத்து நாளா?"

"நல்லா செஞ்ச பூட்டும்மா." அவர் தலை குனிந்தே பேசினார். "எவனாலயும் ஒடைக்க முடியாதுன்னு செஞ்சேன். அந்த எவன்ல நானும் ஒருத்தன்னு அப்ப தோணல."

தேவகி நிறைந்திருந்த கேனை உருட்டிக்கொண்டு வந்து கதவடியில் சாய்த்தாள். தண்ணீர் வாசற்படியில் ஏறி, நின்று, திரும்பி அவள் காலடிக்கே வந்தது. மழைத்தண்ணீர் உள்ளே போகாமலிருக்க அந்தக் காலத்துக் கொத்தன் படியை வெளிப்பக்கம் சாய்த்திருந்தான். மேடையிலிருந்து யாரோ "சிவப்புக் கம்பளம் நனையுதும்மா" என்றார்கள்.

அவள் நிமிர்ந்து பார்த்தாள். சத்தாரின் தோளில் ஒரு பருத்தித் துண்டு கிடந்தது. கேட்காமலே உருவினாள். தண்ணீரில் முக்கி, நுனியைச் சுருட்டிக் கதவடி இடைவெளியில் செருகி, விரல் போகிற அளவுக்குத் தள்ளினாள். கை விரல்கள் சில்லென்று ஆயின. நகம் வளர்கிற மாதிரி இருந்தது. விரலை இழுத்துக்கொண்டு காத்திருந்தாள். ஒரு விநாடி. இரண்டு. ஒரு மணி நேரமாகக் கதவடியில் ஓர் ஈரத் துணி கிடக்கிறது, பார்க்கக்கூட ஆளில்லை. மூன்று. நாலு.

துண்டு காணாமல் போனது.

அவள் மூச்சு விடுவதற்குள் அது திரும்பி வந்து அதே இடத்தில் கிடந்தது. முறுக்கிப் பிழிந்து, மடிப்பு மடிப்பாக.

"இருக்காரு" என்றாள் தேவகி. அழவில்லை. கேனைச் சாய்த்து மறுபடி நனைத்தாள்.

பிறகு அது ஒரு வேலையாகிவிட்டது. நனைப்பாள், துண்டு மறையும், கண்ணிமைக்கும் முன் பிழிந்து திரும்பும். உள்ளே அவன் ஒவ்வொரு தடவையும் முக்கால் மணி நேரம் காத்திருந்து, இழுத்து, காலி கேனின் வாய்க்கு நேரே பிழிந்து, வெளியே தள்ளிவிட்டுப் போய்க் கொஞ்சம் நெய்துவிட்டு வருகிறான் என்பது அவளுக்குத் தெரியாது. அவளுக்குத் தெரிந்ததெல்லாம் துண்டுதான். அவள் பிஸ்கட்டும் தள்ளினாள், மேடைத் தட்டிலிருந்து எடுத்து, ஒவ்வொன்றாக. அவையும் மறைந்தன.

பதினாறாவது நிமிடம் நெருங்கியபோது, யாரும் வேண்டாம் என்று சொல்லாததால், தினேஷ் மைக்கில் "பத்து, ஒன்பது, எட்டு" என்று இறங்கு வரிசையில் எண்ணினார். பூஜ்ஜியம் என்றதும் நாதஸ்வரக் குழுவினர் கெட்டிமேளம் கொட்டினார்கள். கதவு திறக்கவில்லை. அவர்களை நிறுத்தச் சொல்லவும் யாரும் இல்லாததால் கெட்டிமேளம் ஒரு நிமிடம் தொடர்ந்தது. ஒரு முழு நாள்.

பத்தொன்பதாவது நிமிடத்தில் துண்டு உள்ளே போனது, திரும்பி வரவில்லை.

தேவகி காத்திருந்தாள். பத்து விநாடி. அரை நிமிடம். படியில் முகத்தைப் பதித்து இடைவெளியில் பார்த்தாள்; சாயங்கால வெளிச்சம் மட்டும் தெரிந்தது. "யோவ்" என்று கூப்பிட்டாள். அவளுடைய குரல் உள்ளே போய்ச் சேரும்போது எப்படி இருக்குமோ, ஒருவேளை இடி உருளுவது மாதிரி, ஒருவேளை ஒன்றுமே இல்லாமல். இருபது. கழுத்தில் புதிதாக ஒரு நரை முடி வந்து ஒட்டியிருந்தது; அவளுடையதுதான்.

"பாய், சீக்கிரம்."

"பேச்சுக் குடுக்காதம்மா."

சத்தார் வலது கையால் கம்பியைப் பிடிக்க முயன்றார். எழுபது வயதுக் கை நடுங்கியது. இடது கைக்கு மாற்றினார்; அதற்குப் பழக்கமில்லை. மறுபடி வலது கை. தலைவர் பின்னால் வந்து நின்று, கைகளைக் கட்டிக்கொண்டு, "பதற்றம் வேணாம், நம்ம முன்னோருங்க இதவிடப் பெரிய சோதனையெல்லாம் பாத்தவங்க" என்றார். இருபத்தொன்று. "மேல ஒரு ஸ்பிரிங்கு வெச்சேன், எதுக்கு வெச்சேன்னு தெரியல" என்று சத்தார் முனகினார். இருபத்திரண்டு.

இருபத்து மூன்றாவது நிமிடத்தில் பூட்டு சொடக்கென்றது. சத்தார் தோளால் கதவைத் தள்ளித் திறந்து, மூடிக்கொள்ளாமல் முதுகைக் கொடுத்து நின்றார்.

கதவு திறந்தால் உள்ளே இருப்பவன் உடனே வெளியே நிற்க வேண்டும். வெளியே ஒரு விநாடி என்றால் அவனுக்கு அரை மணிக்குக் கொஞ்சம் குறைவு. எழுந்து, முகம் கழுவி, சேலையை மடித்துக்கொண்டே வரலாம். ஒரு விநாடி போனது. இரண்டு. மூன்று. ஒருவரும் வரவில்லை. உள்ளே தறியின் மேல்கட்டை மட்டும் தெரிந்தது. அசையாமல்.

தேவகி படியில் கால் வைத்தாள். தொண்டர் ஒருவரின் கை அவளை ஓரமாகத் தள்ளியது.

"ஒத்திம்மா. முதல்ல தலைவரு போறதுதான் மரபு."

அந்த மரபு அன்று காலை பத்து மணிக்குத் தொடங்கியது. புகைப்படக்காரர் மண்டியிட்டார். தலைவர் திருஞானசம்பந்தம் நெசவாளனைக் கைத்தாங்கலாக அழைத்து வருகிற படத்துக்கு ஏற்ற முகத்தோடு, கழுத்தில் ஆளுயர ரோஜா மாலையோடு உள்ளே நுழைந்தார். மாலை கதவின் கொண்டியில் மாட்டிக்கொண்டது. "யோவ், மாலைய எடு" என்றார் தலைவர். சத்தார் பழக்கதோஷத்தில் திரும்பி, மாலையை விடுவித்தார். அதற்காக முதுகை எடுத்தார்.

கதவு சாத்திக்கொண்டது. நல்லா செஞ்ச கதவு.

புகைப்படக்காரர் மெதுவாக எழுந்து நின்றார்.

"ரெண்டு நிமிஷம்" என்றார் சத்தார், தேவகி கேட்பதற்கு முன்பே. "வழி தெரிஞ்சிபோச்சி. ரெண்டே நிமிஷம்."

இரண்டு நாள். உள்ளே ஒருவன் உயிரோடு இருக்கிறானா என்று தெரியாது. இன்னொருவருக்குக் காலையில் சாப்பிட்ட பொங்கல் மட்டும்தான். தேவகி கையில் கேனைப் பிடித்துக்கொண்டு கதவடியைப் பார்த்தபடி உட்கார்ந்தாள். அரை நிமிடம் போனது.

கதவடியில் வெள்ளைத் துணி வந்து கிடந்தது. துண்டு இல்லை, பெரியது, பளபளவென்று, பச்சையும் அரக்கும் கலந்த கரை. வேட்டி. சிவராஜ் லுங்கிக்காரன்; இது அவனுடையது இல்லை. ஆனால் அதை மடித்திருந்த விதம் தறிக்காரன் மடித்தது: நுனியை நுனியோடு பிடித்து, கரை கரையின் மேல் விழும்படி. அந்த மடிப்பைப் பார்த்ததும் அவன் இருக்கிறான் என்று தேவகிக்குத் தெரிந்துவிட்டது. பிறகு கேனைச் சாய்த்தாள்.

வேட்டி மறைந்தது, வந்தது. மறுபடி ஊற்றினாள். மறைந்தது, வந்தது. நாலைந்து முறைக்குப் பிறகு துணியோடு ஓர் அட்டையும் வந்தது. "தண்ணி வரல." அவள் விழித்தாள். கேனில் மிச்சமிருந்ததை எல்லாம் வேட்டியின் மேல் கவிழ்த்தாள். தண்ணீர் அதன் மேல் வழுக்கிக்கொண்டு கம்பளத்துக்குப் போனது.

சொடக்.

இந்த முறை சத்தார் கதவைத் திறந்ததோடு கருவிப் பையைக் கீழே அடை கொடுத்து, அதன் மேல் தானே உட்கார்ந்துவிட்டார்.

ஒரு விநாடிக்குள் சிவராஜ் வாசலில் நின்றான். தாடி கழுத்து வரை. கன்னம் ஒட்டியிருந்தது, கண் கூசியது. வெளியே வந்து நாலடி வைத்ததும் உட்கார்ந்தான். தேவகி அவன் தோளில் ஓங்கி ஒன்று போட்டாள். அதே கையால் தலையைப் பிடித்துத் தன் வயிற்றோடு அழுத்திக்கொண்டாள்.

"தொண்ட கிழிய கத்துறேன், எங்கய்யா போன?"

"ஒண்ணும் கேக்கலடி. கதவு தொறந்தப்ப தூங்கிக்கினு இருந்தேன். எனுக்கு அது ராத்திரிதானே."

"துண்டு?"

"நாராப் பூடுச்சி. எத்தினி வாட்டிடி பிழியறது? குடிச்சது போக அரை கேன் மிச்சம் இருந்துச்சி, போதும்னு படுத்தேன். கண்ண தொறந்தா தலைமாட்டுல தலைவரு நிக்கிறாரு, மாலையோட. சரி, செத்துட்டேன் போலன்னு நெனச்சேன்."

மேடையருகே இருந்தவர்கள் சிரித்தார்கள். பிறகு சிரிப்பு சட்டென்று நின்றது, ஏனென்றால் தலைவர் வெளியே வந்துவிட்டார்.

மேலே பட்டுச் சட்டை. மாலையில் நார் மட்டும் மிச்சம். கீழே, இடுப்பைச் சுற்றி, கொசுவம் தெரியாமல் நாலு சுற்று சுற்றியிருந்தது படவேட்டம்மனுக்கு நெய்த சேலை. அரக்குப் பட்டு, மயில்கண் கரை, குற்றம் சொல்ல முடியாத நெசவு. ஒரு மனித உடம்பில் ஏறிவிட்ட சேலையை அம்மனுக்குச் சாத்த முடியாது என்பது அங்கிருந்த எல்லோருக்கும் தெரியும். வாயைத் திறந்து சொல்லத்தான் ஆளில்லை. புகைப்படக்காரர் தன் வேலையைச் செய்தார். கதவு திறந்ததும் வாசிக்க வேண்டும் என்று சொல்லப்பட்டிருந்த நாதஸ்வரக்காரர்கள் வாசித்தார்கள். தினேஷ் மைக்கை நீட்டினார். தலைவர் அதை வாங்கவில்லை. யாருக்கும் நினைவு தெரிந்து இது முதல் தடவை. காரை வரச் சொன்னார். கார் வாலாஜாபாத் கேட்டில் நின்றிருந்தது.

சத்தார் கேட்டார், தாழ்ந்த குரலில்: "அரை கேன் இருந்துச்சின்றியேப்பா. ரெண்டே நாளுல எங்க போச்சி?"

"குளிச்சிட்டாரு." சிவராஜ் டம்ளரை வாயிலிருந்து எடுத்தான். "வெளிய போனா போட்டோ எடுப்பாங்க, குளிக்காம எப்பிடின்னாரு. ரெண்டு வாட்டி குளிச்சாரு. அப்புறம் தண்ணிக்குத் துண்டு இல்ல. என் லுங்கியத் தர்றேன்னேன். வேணாம், உன்னுது சின்னது, என்னுது எட்டு மொழம், நெறைய புடிக்கும்னு அவருதான் அவுத்துக் குடுத்தாரு."

"புடிச்சிதா?"

"சொட்டு எறங்கல. தள்ளி தள்ளி இழுத்துப் பாத்தோம். நனைஞ்ச மாதிரி வரும், முறுக்குனா ஒண்ணுமில்ல. தறி மேல சத்தியமா கைத்தறிதான்னு அவரு சொல்லிக்கினே இருந்தாரு."

வேட்டி இன்னும் தேவகியின் மடியில் கிடந்தது. அவள் கரையோரத்தைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்து ஒருமுறை உருட்டிப் பார்த்தாள்.

பாலியஸ்டர். விசைத்தறியில் நெய்தது.